தனலக்ஷ்மியின் இரண்டு வருஷத்து நெஞ்சுநோய்

பெங்களூர் ஜீவனஹள்ளி குழாயடிக்குத் தனலக்ஷ்மி வந்துவிட்டால் வரிசை தானாக நேராகிவிடும். ஆளுக்கு இரண்டு குடம் என்று பேச்சு இருக்கும்போது மூன்றாவது குடத்தை நைசாக நுழைக்கிறவர்களை அவள் விடமாட்டாள். அந்தக் குடத்தைத் தூக்கி ஓரமாக வைத்துவிட்டு, "பின்னாடி வா, யாரு வேணாம்னாங்க" என்பாள். பிறகு தன்னுடைய இரண்டு குடங்களையும் எடுத்துக்கொண்டு, இடுப்பில் ஒன்றும் கையில் ஒன்றுமாக, செங்குத்தான மாடிப்படியில் ஏறிப் போவாள். கேஸ் சிலிண்டர்காரன் கீழேயே வைத்துவிட்டு ஓடிவிட்டால் அதையும் அவளே மேலே ஏற்றுவாள். "உங்க வூட்ல ஆம்பள எதுக்கு?" என்று யாராவது கேட்டால், "மோட்டார் சுத்தறதுக்கு" என்பாள்.

அவள் புருஷன் உத்தமனுக்கு மெயின் ரோட்டில் ஒரு சின்ன வைண்டிங் கடை இருந்தது. எரிந்துபோன பம்பு மோட்டார், மிக்சி மோட்டார் எல்லாவற்றுக்கும் புதிதாகச் செம்புக் கம்பி சுற்றிக் கொடுப்பான். நல்ல கைவேலைக்காரன், நிறையப் பேசுவான். இருவருக்கும் ஒரே மகள், அனுஷா.

தனலக்ஷ்மி பிறந்தது கோலார் தங்கவயலில், சாம்பியன் ரீஃப் லைன் வீட்டில். அவள் தாத்தா குடியாத்தம் பக்கத்திலிருந்து சுரங்க வேலைக்கு வந்தவர். அப்பாவும் பூமிக்கு அடியில்தான் வேலை பார்த்தார். கல்தூசி நெஞ்சில் அடைத்து, ஐம்பது தாண்டுவதற்குள் இருமி இருமிப் போய்ச் சேர்ந்தார். அதனால் அந்த வீட்டில் எந்த நோய்க்கும் பயப்படாதவர்கள்கூட நெஞ்சு என்ற வார்த்தையைக் கேட்டால் வாயை மூடிக்கொள்வார்கள்.

கல்யாணமாகிப் பெங்களூருக்கு வந்ததும் பானஸ்வாடிப் பக்கம் ஒரு கார்மென்ட்ஸ் ஃபேக்டரியில் சேர்ந்தாள். முதலில் நூல் வெட்டும் வேலை. பிறகு செக்கிங். தைத்து முடித்த சட்டை அவள் மேஜைக்கு வரும். காலர், கைமடிப்பு, பட்டன் எல்லாம் டேப்பை வைத்துப் பார்த்து, சரியில்லாத இடத்தில் சின்ன ஸ்டிக்கரை ஒட்டித் திருப்பி அனுப்புவாள். லைன் சூப்பர்வைசராகப் போட அவள் பெயரைத்தான் பேசிக்கொண்டிருந்தார்கள்.

இது தொண்ணூற்றேழாம் வருஷம் வரைக்குமான கதை. அந்த வருஷம் மழைக்காலத்தில் ஃபேக்டரி கேன்டீனில் ஹெல்த் கேம்ப் நடந்தது. ஒரு மேஜையில் ரத்த அழுத்தம், ஒரு மேஜையில் சர்க்கரை. கடைசி மேஜையில் புதிதாக ஒரு ஈ.சி.ஜி. மெஷின். பழைய மெஷின்கள் கோடு மட்டும்தான் போடும். இதற்குள் கம்ப்யூட்டர் இருக்கிறது, கோட்டைப் படித்து என்ன கோளாறு என்பதையும் அதுவே மேலே எழுதிவிடும் என்று சொன்னார்கள். எல்லாரும் ஆசையாகப் பார்த்தார்கள்.

நாற்பதை நெருங்குகிறவர்களுக்கு ஈ.சி.ஜி. கட்டாயம். தனலக்ஷ்மியைச் சாப்பாட்டு பெஞ்சு ஒன்றில் படுக்கச் சொன்னார்கள். தடுப்பு எதுவும் கிடையாது. பக்கத்தில் பெண்கள் வரிசை, அதற்கு அப்பால் கட்டிங் செக்‌ஷன் ஆண்கள் வரிசை. மெஷினை இயக்கிய பையனுக்கு இருபத்திரண்டு, இருபத்துமூன்று வயது இருக்கும். கையிலும் காலிலும் கிளிப்பை மாட்டிவிட்டு, நெஞ்சில் ஒட்டவேண்டிய ரப்பர் பல்புகளைக் கையில் வைத்துக்கொண்டு திகைத்து நின்றான்.

"அம்மா, ஸ்வல்ப, கொஞ்சம் முந்தானையை…"

"இங்கயா?" என்று தனலக்ஷ்மி முந்தானையை இன்னும் இறுக்கிப் பிடித்தாள்.

பையன் முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டான். ப்ளவுஸ் கழுத்துக்கு மேலே, கழுத்தெலும்புக்குக் கீழே கிடைத்த இடத்தில் ஆறு பல்புகளையும் நெருக்கி நெருக்கி ஒட்டினான். மெஷின் கொஞ்சம் உறுமியது, காகிதம் வெளியே வந்தது. அவ்வளவுதான்.

காகிதத்தைப் பார்த்த கேம்ப் டாக்டர் அதன் தலைப்பில் இருந்த ஒரு வரியைச் சிவப்புப் பேனாவால் சுழித்தார்.

"எப்பவாவது நெஞ்சு வலி வந்திருக்காம்மா?"

"இல்லியே சார்."

"சில பேருக்கு வலியே தெரியாம அட்டாக் வந்துட்டுப் போயிடும். அந்த மாதிரி காட்டுது. பெரிய டாக்டர் யார்கிட்டயாவது காட்டிடுங்க." அவருக்கு இன்னும் நூறு பேருக்கு மேல் பார்க்க வேண்டியிருந்தது. அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

வலி இருந்தால் இருக்கிறது, இல்லையென்றால் இல்லை என்றுதான் தனலக்ஷ்மி அதுவரை நினைத்திருந்தாள். வலிக்காமலே வந்துபோன ஒன்றை இல்லை என்று எப்படிச் சொல்வது? வீட்டுக்கு வரும் வழியெல்லாம் ஒரு கையை நெஞ்சின் மேலேயே வைத்திருந்தாள்.

அனுஷா அப்போது பி.யூ.சி. படித்துக்கொண்டிருந்தாள். காகிதத்தை ட்யூப் லைட்டுக்கு நேராகப் பிடித்து வாசித்தாள். "கெனாட் ரூல் அவுட்… ஆன்டீரியர் இன்ஃபார்க்ட், ஏஜ் அன்டிடர்மின்ட்." டிக்‌ஷனரியைப் புரட்டிவிட்டு, "இன்ஃபார்க்ட்னா ஹார்ட் அட்டாக்காம்மா" என்றாள்.

"அப்புறம் இன்னா போட்டிருக்கு?"

"ஏஜ்னா வயசு. வயசு தெரியலன்னு போட்டிருக்கு."

"என் வயசா? முப்பத்தொம்போதுன்னு அவன்கிட்ட சொன்னனே! எழுதிக்கினான்!"

மற்ற நாளாக இருந்தால் உத்தமன் இதற்கு விழுந்து விழுந்து சிரித்திருப்பான். அன்றைக்கு அவன் காகிதத்தை வாங்கி மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டான். மறுநாள் காலையில் குடங்களை எடுத்துக்கொண்டு குழாயடிக்குப் போனது அவன்தான்.

தெருமுனை கிளினிக் டாக்டரிடம் மெஷின் கிடையாது. அவர் சிவப்புச் சுழியைப் பார்த்தார், அவளைப் பார்த்தார். ரத்தம் கட்டாமலிருக்க ஒரு மாத்திரையும், இருதயம் வேகமாக அடிக்காமலிருக்க ஒரு மாத்திரையும் எழுதினார். பெரிய ஆஸ்பத்திரிக்குப் போய் எல்லா டெஸ்ட்டும் எடுத்துவிடுங்கள் என்றும் சொன்னார். போனார்கள். நல்ல கூட்டம், தேதி கொடுத்து மூன்று மாதம் கழித்து வரச் சொன்னார்கள். அந்தத் தேதி வந்தபோது தனலக்ஷ்மி தலைவலி என்று படுத்துக்கொண்டாள். இன்னொரு மெஷின் இதைவிட மோசமாக எதையாவது எழுதிவிட்டால்? மாத்திரைதான் சாப்பிடுகிறோமே, போதும் என்று தோன்றியது. உத்தமனும் வற்புறுத்தவில்லை. அவனுக்கும் உள்ளுக்குள் அதே பயம்.

அப்படித்தான் அவள் நோயாளியானாள். படி ஏறும்போது நடுவில் நின்றாள். இடது பக்கம் திரும்பிப் படுப்பதை விட்டாள். கனமான எதையும் தொடவில்லை. மாத்திரை நாடியை மெதுவாக்கியதால் உடம்பெல்லாம் ஒரு அசதி. அந்த அசதியை நோயின் கணக்கில் சேர்த்துக்கொண்டாள். நடக்காததால் உடம்பு இளகிப்போய், நாலு எட்டு வேகமாக வைத்தால் மூச்சு வாங்கியது. "பாத்தியா, மெஷின் சரியாத்தான் சொல்லியிருக்கு" என்று அவளே சொல்லிக்கொண்டாள்.

ஃபேக்டரியில் சூப்பர்வைசர் இடத்துக்கு வேறு ஒருத்தியைப் போட்டார்கள். பர்சனல் ஆபீஸர் நல்ல மனுஷன். தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். "ஹார்ட் பேஷன்ட் நீங்க. டென்ஷன் வேலை பேடம்மா, வேணாம். உக்காந்து செக்கிங் பண்ணுங்க, போதும்."

வீட்டில் உத்தமன் முன்பைவிட மெதுவாகப் பேசினான். அனுஷா சமைக்கக் கற்றுக்கொண்டாள். இதெல்லாம் தனலக்ஷ்மிக்கு நன்றாகத்தான் இருந்தது. அவளுக்குப் பொறுக்க முடியாமல் போனது வேறொன்று. எப்போதாவது காற்றாட அவள் குழாயடிக்கு வந்து நின்றால், எல்லாரும் நகர்ந்து வழிவிட்டார்கள். பக்கத்து வீட்டு ருக்மிணி ஒருநாள் அவள் கண்ணெதிரிலேயே மூன்றாவது குடத்தை வைத்தாள். தனலக்ஷ்மி, "ஏய்!" என்றாள். ருக்மிணி உடனே குடத்தை எடுத்துக்கொண்டு, "அய்யோ, நீ கத்தாத தனம், எடுத்துடறேன். உனக்கு ஆவாது" என்றாள். பதினைந்து வருஷமாகச் சரிக்குச் சரி மல்லுக்கு நின்ற ருக்மிணி! தனலக்ஷ்மி மேலே வந்து கட்டிலில் உட்கார்ந்து அழுதாள். செத்துப்போனவர்களைப் பற்றித்தான் இப்படி விட்டுக்கொடுத்துப் பேசுவார்கள் என்று நினைத்தாள்.

தொண்ணூற்றொன்பதில் அவளுக்கு வயிற்றில் வலி வந்தது. இது நிஜ வலி. வலது விலாவுக்குக் கீழே பிடித்து முதுகுவரை இழுத்தது. பித்தப்பையில் கல். ஆபரேஷன் செய்ய வேண்டும். ஆனால் ஹார்ட் பேஷன்ட் என்பதால் முதலில் இருதய டாக்டர் பார்த்துச் சரி சொல்ல வேண்டும் என்று அதே பெரிய ஆஸ்பத்திரியில் சொன்னார்கள். இந்தத் தடவை தலைவலி என்று படுத்துக்கொள்ள வயிற்றுவலி விடவில்லை.

இருதய டாக்டர் வைத்தீஸ்வரன் வயதானவர், அவசரப்படாதவர். உத்தமன் பையில் பத்திரமாகக் கொண்டுவந்திருந்த பழைய காகிதத்தை வாங்கி நெடுநேரம் பார்த்தார்.

"இது எங்க எடுத்தது?"

"ஃபேக்டரில சார். கேன்டீன்ல."

"எடுத்தது பொம்பளையா, ஆம்பளையா?"

இந்தக் கேள்வி எதற்கு என்று தனலக்ஷ்மிக்குப் புரியவில்லை. "ஒரு பையன் சார். சின்னப் பையன்."

"ரவிக்கையைத் திறந்து எடுத்தானா?"

தனலக்ஷ்மி தலையைக் குனிந்துகொண்டாள். "அத்தினி பேர் எதிர்ல எப்படி சார்?"

டாக்டர் காகிதத்தைக் கீழே வைத்தார். "மௌரீன்கிட்ட போங்க. இன்னொண்ணு எடுத்துட்டு வாங்க."

மௌரீன் ஆஸ்டின் டவுனைச் சேர்ந்தவள், ஈ.சி.ஜி. அறையில் டெக்னீஷியன். கதவைத் தாழ்போட்டு, பச்சைத் திரையையும் இழுத்துவிட்டாள். "யாரும் வரமாட்டாங்கம்மா. நல்லாத் திறங்க. கூச்சப்படறது மெஷினுக்குத் தெரியாது" என்றாள். விரலால் விலா எலும்புகளைத் தடவி எண்ணிப் பார்த்து, ஒவ்வொரு பல்பையும் அதனதன் இடத்தில் வைத்தாள். கடைசி மூன்றும் மார்புக்குக் கீழே, பக்கவாட்டில் போயின. கேம்ப்பில் அந்தப் பையனின் கை அந்தப் பக்கமே வரவில்லை என்பது தனலக்ஷ்மிக்கு அப்போதுதான் நினைவுக்கு வந்தது.

காகிதத்தின் தலைப்பில் இந்தத் தடவை ஒரே சொல்தான் இருந்தது. நார்மல். டாக்டர் அதோடு விடவில்லை. ஸ்கேன் அறைக்கு அனுப்பி, இருதயம் சுருங்கி விரிவதைத் திரையில் தானே வந்து பார்த்தார். பிறகு இரண்டு காகிதங்களையும் மேஜைமேல் பக்கத்தில் பக்கத்தில் வைத்தார்.

"உங்களுக்கு அட்டாக் எதுவும் வரலம்மா. எப்பவுமே வந்ததில்ல."

"மெஷின் எழுதிச்சே சார்?"

"மெஷின் உங்களைப் பாக்கல. ஆறு இடத்துலேர்ந்து வர்ற கோட்டைத்தான் பாத்துது. வைக்கிற இடம் ரெண்டு விரக்கடை மேல போனா கோடு மாறிடும். கோடு மாறினா அது இப்படித்தான் எழுதும். அப்பவும் அது என்ன எழுதியிருக்கு தெரியுமா? 'பழைய அட்டாக் இல்லைன்னு என்னால சொல்ல முடியல, எப்ப வந்ததுன்னும் தெரியல.' அவ்வளவுதான். இருக்குன்னு அது எழுதவே இல்ல."

"அப்ப இருக்குன்னு சொன்னது யாரு சார்?"

டாக்டர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "நாங்கதாம்மா" என்றார். "எங்க ஆளுங்கதான். இன்னொரு தடவை எடுத்துப் பாத்திருக்கணும். யாரும் பாக்கல."

தனலக்ஷ்மி சந்தோஷப்படுவாள் என்று உத்தமன் எதிர்பார்த்தான். அவளுக்குக் கோபம்தான் வந்தது. யார்மேல் என்று தெரியாத கோபம். அந்தப் பையன்மேல் கோபப்படலாமென்றால், அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டது மரியாதையால்தான். முந்தானையை விடாமல் பிடித்திருந்தவள் அவள். பஸ்ஸை விட்டு இறங்கியதும் உத்தமனைப் பின்னால் விட்டுவிட்டு விறுவிறுவென்று நடந்தாள். பாதி வழியில் மூச்சு முட்டி, ஒரு மளிகைக் கடை வாசலில் பிடித்துக்கொண்டு நின்றாள். நோய் பொய், மூச்சிரைப்பு மட்டும் நிஜம். அது போக இன்னும் ஆறேழு மாதம் ஆயிற்று.

கல்லை எடுத்து, காயம் ஆறி, மாத்திரைகளை டாக்டர் சொன்னபடி கொஞ்சம் கொஞ்சமாக நிறுத்தி, ஒருநாள் காலையில் அவளே குடத்தோடு குழாயடிக்குப் போனாள். ருக்மிணியின் மூன்றாவது குடம் வரிசையில் இருந்தது. தூக்கி ஓரமாக வைத்தாள்.

ருக்மிணிக்கு ஒரு நிமிஷம் ஒன்றும் புரியவில்லை. பிறகு புரிந்துவிட்டது. "இத்தினி நாளா ஹார்ட்டு ஹார்ட்டுன்னு தெருவையே ஏமாத்தினியாடீ? உனக்காக நான் மாரியம்மனுக்கு வேண்டிக்கினேன்டீ!"

"வேண்டிக்கினா மூணு குடம் பிடிக்கலாம்னு ஆத்தா சொன்னாளா?"

அந்தச் சண்டை தெரு முழுக்கக் கேட்டது. கடையிலிருந்து உத்தமன் எட்டிப் பார்த்தான். அவன் பொண்டாட்டி முகம் சிவந்து, கையை ஆட்டி ஆட்டிப் பேசிக்கொண்டிருந்தாள். இரண்டு வருஷத்துக்குப் பிறகு அவன் அன்றைக்குத்தான் நிம்மதியாக டீ குடித்தான்.

ஃபேக்டரியில் சூப்பர்வைசர் இடம் திரும்பக் கிடைக்கவில்லை. அந்த இடத்திலிருந்தவள் நன்றாகவே வேலை பார்த்தாள். அவளை எழுப்பச் சொல்ல தனலக்ஷ்மிக்கு வாய் வரவில்லை. ஹென்னூர் பக்கம் புதிதாக வந்த இன்னொரு ஃபேக்டரிக்கு மாறி, அங்கே சூப்பர்வைசரானாள். அங்கேயும் ஒரு ஹெல்த் கேம்ப் வந்தது. கேன்டீனில் பெஞ்சைப் போட்டு மெஷினை வைத்ததைப் பார்த்ததும், கட்டிங் செக்‌ஷனிலிருந்து இரண்டு சுருள் துணியை வரவழைத்து, நாலு பக்கமும் கயிறு கட்டி மறைத்தாள். ஒரு நர்ஸம்மா வந்தால்தான் பெண்கள் படுப்பார்கள் என்று கேம்ப்காரர்களிடம் சொல்லிவிட்டாள். முணுமுணுத்துக்கொண்டே அனுப்பினார்கள்.

உத்தமன் இந்த விஷயத்தை வேறு விதமாக எடுத்துக்கொண்டான். எரிந்த மோட்டாரோடு கடைக்கு வருகிறவர்களுக்கெல்லாம் இந்தக் கதையைச் சொன்னான். கம்ப்யூட்டர் எழுதியதை நம்பித் தன் பொண்டாட்டி இரண்டு வருஷம் இடது பக்கம் திரும்பிப் படுக்கவில்லை என்று சொல்லும்போது நடித்தும் காட்டுவான். ஏஜ் அன்டிடர்மின்ட் கதைக்கு இப்போது தாராளமாகச் சிரித்தான். "மெஷின் சொல்றதுல ஒண்ணுகூட நம்பக்கூடாது சார்" என்று முடிப்பான். பேங்கு மெஷின், மின்சார மீட்டர், பஸ் டிக்கெட் மெஷின் எல்லாம் அவனுக்கு ஒரே ஜாதி ஆகிவிட்டன. தனலக்ஷ்மியும் கூடச் சிரிப்பாள். டாக்டர் சொன்னதை ஒருநாள் அவனுக்கு எடுத்துச் சொல்லப் பார்த்தாள். கதை கெட்டுப்போகும் என்று அவன் காதில் வாங்கவில்லை.

இரண்டாயிரத்து மூன்றாம் வருஷம், ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். மட்டன் குழம்பு சாப்பிட்டுவிட்டு உத்தமன் பாயில் சாய்ந்தான். கொஞ்ச நேரத்தில் எழுந்து உட்கார்ந்தான்.

"கேஸு ஏறிக்கினாமாரி இருக்கு. சோடா வாங்கியா."

சோடா குடித்தான். ஏப்பம் வந்தது, மேல்வயிற்றில் பாரம் போகவில்லை. தாடை கடுக்கிறது என்றான். மின்விசிறி ஓடியும் பனியன் நனைந்துகொண்டே வந்தது. முகம் சாம்பல் பூத்தமாதிரி ஆவதைத் தனலக்ஷ்மி பார்த்தாள். உடனே கீழே போய் ஆட்டோ பிடித்து வந்தாள். தெருவைத் தாண்டினால் ஒரு சின்ன நர்ஸிங் ஹோம். கேஸுக்கு ஊசி போட்டுக்கொண்டு வந்துவிடலாம் என்று சொல்லித்தான் அவனை ஏற்றினாள்.

ட்யூட்டியில் இருந்தது டாக்டர் தீபிகா, படித்து முடித்துச் சில வருஷமே ஆன பெண். உத்தமனைப் படுக்கவைத்து ஈ.சி.ஜி. எடுத்தாள். மெஷினிலிருந்து காகிதம் வந்தது. தலைப்பைப் படித்தாள். பிறகு தலைப்பை விட்டுவிட்டுக் கோடுகளை ஒவ்வொன்றாகப் பார்த்தாள்.

"அக்கா, இது ஹார்ட் அட்டாக் மாதிரி இருக்கு. இப்ப நடந்துக்கிட்டு இருக்கு. இங்க வெச்சுக்க முடியாது. பெரிய ஆஸ்பத்திரிக்கு உடனே போகணும், ஆம்புலன்ஸ் கூப்பிடறேன்."

உத்தமன் படுத்தபடியே சிரித்தான். "யாரு சொன்னது, மெஷினா? டாக்டர் மேடம், இதே மெஷின் இவளுக்கும் அட்டாக்குன்னு எழுதிச்சு. ஆறு வருஷம் ஆவுது, பாருங்க, கல்லுகுண்டு கணக்கா நிக்கறா. எனக்குக் கேஸ். ஒரு ஊசி போடுங்க, வூட்டுக்குப் போறேன்." எழுந்திருக்கக் காலைக் கீழே போட்டான்.

தனலக்ஷ்மிக்கு அவன் சொல்வதை நம்ப வேண்டும் போலிருந்தது. அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது. அவன் சொல்வதில் தப்பு ஒன்றும் இல்லை. மெஷின் எழுதியது அன்றைக்குப் பொய்யாகத்தான் போனது. இன்றைக்கும் பொய்யானால் சோடாவும் ஊசியும் போதும், சாயங்காலம் வீட்டில் காபி குடிக்கலாம்.

"டாக்டரம்மா, இன்னொரு தடவை எடுங்க. நான் பாக்கணும்."

தீபிகா ஏன் என்று கேட்கவில்லை. "எடுக்கலாம், ரெண்டு நிமிஷம்தான்" என்று சொல்லிவிட்டு, நர்ஸிடம் ஆம்புலன்ஸுக்குப் போன் செய்யச் சொன்னாள். தனலக்ஷ்மி தலைமாட்டில் நின்று பார்த்தாள். பனியன் முழுக்க மேலே ஏறியிருந்தது. டாக்டரின் விரல் விலா எலும்பை எண்ணி இறங்கியது. மௌரீன் வைத்த அதே இடங்கள். கடைசிப் பல்பு பக்கவாட்டில், அக்குளுக்கு நேர் கீழே. காகிதம் வந்தது. தலைப்பில் அதே வரி. கோடுகளைக் காட்டி, "முன்ன எடுத்ததைவிட இந்த மூணு எடத்துல இன்னும் மேல ஏறியிருக்கு, பாருங்க" என்றாள் தீபிகா. "மெஷின் சொல்றதை விடுங்க. என் கண்ணுக்கும் அதான் தெரியுது. நான் சொல்றது தப்பா இருந்தா, ஆஸ்பத்திரி வரைக்கும் வீணா ஒரு தடவை போயிட்டு வருவீங்க. சரியா இருந்து நீங்க போகலன்னா…"

தனலக்ஷ்மிக்கு மிச்சம் தேவைப்படவில்லை.

"எந்திரிங்க" என்றாள் புருஷனிடம்.

"நீயுமா தனம்? நீ பட்டது போதாதா?"

"அன்னிக்கி என்னை ரெண்டாவது தடவை யாரும் பாக்கல. உங்களைப் பாத்தாச்சு. நான் நின்னு பாத்தேன். கை வெச்ச எடம் சரி, கோடும் சரி. கேஸா இருந்தா திரும்பி வந்து ஊருக்கெல்லாம் சொல்லிச் சிரிங்க, நானும் சிரிக்கறேன். இப்ப வாய மூடிக்கினு வண்டில ஏறுங்க."

அவன் இன்னும் ஏதோ சொல்ல வாயெடுத்தான். அதற்குள் தாடையைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தான். கண்ணில் அப்போதுதான் பயம் வந்தது. தீபிகா ஒரு மாத்திரையை மென்று விழுங்கச் சொன்னாள். மென்றான். ஆம்புலன்ஸில் ஏற்றும்போது அவன் தனலக்ஷ்மியின் கையை விடவில்லை.

பெரிய ஆஸ்பத்திரியில் மூன்றாவது தடவையாக ஈ.சி.ஜி. எடுத்தார்கள். எந்த டாக்டரும் நின்று யோசிக்கவில்லை. அடைத்த ரத்தக்கட்டியைக் கரைக்க ஊசிமருந்து ஏற்றினார்கள். அது ஏறிக்கொண்டிருக்கும்போதே ஒருமுறை இருதயம் தாளம் தப்பித் துடிக்க, நெஞ்சில் மின்சாரம் கொடுத்துத் திருப்பினார்கள். தனலக்ஷ்மி வெளியே இரும்பு நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள். அனுஷா ஈஜிபுராவிலிருந்து வந்து சேர்ந்தாள். அவள் கல்யாணமாகி அங்கே குடியிருந்தாள். சாயங்காலம் ஒரு டாக்டர் வெளியே வந்து, இருதயத்தின் அடிப்பக்கம் கொஞ்சம் போய்விட்டது, மற்ற இடமெல்லாம் தப்பிவிட்டது, பிழைத்துக்கொள்வார் என்றார். தனலக்ஷ்மி தலையை ஆட்டினாள். பிறகு பாத்ரூமுக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு, சத்தமாக அழுதாள்.

வார்டுக்கு மாற்றிய பிறகு உத்தமன் கேட்டான். "வூட்டுக்குப் போயிருந்தா?"

"போவல இல்ல? வுடுங்க" என்றாள். கஞ்சியை ஸ்பூனால் ஊட்டினாள்.

"உப்பே இல்ல."

"இனிமே இருக்காது."

அவன் அதற்கப்புறம் மெஷின் கதையை யாரிடமும் சொல்லவில்லை. யாராவது பழைய வாடிக்கைக்காரர் ஞாபகப்படுத்திக் கேட்டால், "அது ஒரு காலம் சார்" என்று பேச்சை மாற்றுவான். மீட்டர்மேலும் பஸ் டிக்கெட் மெஷின்மேலும் அவனுக்கிருந்த சந்தேகம் மட்டும் அப்படியே இருந்தது.

கடையைத் திறக்கச் சில மாதம் ஆயிற்று. பெரிய மோட்டார்களை அவனால் தூக்க முடியாது; கொண்டுவருகிறவர்களே மேஜையில் ஏற்றிவைத்துவிட்டுப் போகிறார்கள். கம்பி சுற்றும் கைக்கு ஒரு குறையும் இல்லை. பீடியை விட்டதில் கொஞ்ச நாள் எரிச்சல், அப்புறம் அதுவும் பழகிவிட்டது. காலையில் காக்ஸ் டவுன் வரை நடந்துவிட்டு வரச் சொல்லியிருக்கிறார்கள். நடக்கிறான். அங்கே பார்க் பெஞ்சில் இவனைப் போலவே நெஞ்சைத் தடவிக்கொண்டு நாலைந்து பேர் உட்கார்ந்திருப்பார்கள். அவர்களோடு அரசியல் பேசுகிறான். திரும்பி வரும்போது தனலக்ஷ்மி தண்ணீர் பிடித்து ஏற்றி, உப்பில்லாத உப்புமாவை மூடிவைத்துவிட்டு, ஃபேக்டரி பஸ்ஸுக்குப் போயிருப்பாள். சாவி ஜன்னல் திட்டில் இருக்கும்.